வேம்பும் பீப்பாயில் அதன் கூட்டாளிகளும்

கேள்வி: ஐயா, ஒட்டன்சத்திரம் பக்கம் எங்களுக்கு ஒன்றரை ஏக்கர் இருக்கிறது. கத்தரியும் வெண்டையும் போட்டிருக்கிறோம். மூன்று வருடமாகக் கடை மருந்து அடிப்பதில்லை. வேப்பெண்ணெயும், வீட்டிலேயே ஊறவைக்கும் இலைக் கரைசலும்தான். பீப்பாயில் வேப்பிலை, நொச்சி, எருக்கு, ஆடாதோடை, ஆடுதின்னாப்பாளை எல்லாம் போட்டு மாட்டுக் கோமியத்தில் ஊறவைப்போம். பூச்சி அதிகமானால் வீட்டுக்காரர் அரைக் கிலோ புகையிலைக் காம்பும் சேர்ப்பார்.

போன மாதம் வேப்பெண்ணெய் அடித்த ஸ்ப்ரேயரைப் பண்ணைக்குட்டையில் கழுவிவிட்டார்கள். மறுநாள் காலையில் மீன்குஞ்சுகள் மேலே வந்து வாயைப் பிளந்துகொண்டிருந்தன, கொஞ்சம் செத்தும் மிதந்தன. பக்கத்துத் தோட்டத்தில் தேனீப் பெட்டி வைத்திருப்பவரும் என்ன அடிக்கிறீர்கள் என்று கேட்க ஆரம்பித்துவிட்டார். எங்கள் மாமியாரோ, "பச்சைப் பிள்ளைக்கே வேப்பெண்ணெய் புகட்டி வளர்த்த ஊர் இது, அதுலே என்ன விஷம் இருக்கும்?" என்கிறார். என் கைக்குழந்தைக்குச் சளி பிடித்தால் ஒரு சங்கு புகட்டச் சொல்கிறார். இயற்கையாக இருப்பது நஞ்சாக இருக்குமா? எதை நம்புவது?

— வாசகி, திண்டுக்கல் மாவட்டம்

பதில்: மீனையும் தேனீயையும் பிறகு பார்ப்போம் அம்மா. உங்கள் கடிதத்தில் இன்றைக்கே முடிவு செய்ய வேண்டிய விஷயம் கடைசி வரியில்தான் இருக்கிறது. குழந்தைக்கு வேப்பெண்ணெய் புகட்டாதீர்கள். சங்கு வேண்டாம், துளியும் வேண்டாம்.

இது பட்டணத்து டாக்டர்களின் பயம் இல்லை. 1981-ல் லான்செட் மருத்துவ இதழில் மலேசியாவிலிருந்து ஒரு கட்டுரை வந்தது. அங்குள்ள இந்தியக் குடும்பங்களில் சிறு உபாதைகளுக்காக வேப்பெண்ணெய் புகட்டப்பட்ட கைக்குழந்தைகளைப் பற்றியது அது. சில மணி நேரத்துக்குள் வாந்தி, பிறகு மயக்கம், வேக மூச்சு, விடாத வலிப்பு. ஈரலில் கொழுப்பு ஏறி, மூளை வீங்கும் ரே நோயைப் போலவே இருந்தது. நம் வீட்டுப் பெரியவர்களின் கைப்பழக்கம்தான் கப்பலேறிப் போய் அங்கே மருத்துவர்களின் கண்ணில் பட்டது. இந்தியாவிலும் இப்படிக் குழந்தைகள் பாதிக்கப்பட்டதைக் குழந்தை மருத்துவர்கள் எழுதியிருக்கிறார்கள். உங்கள் மாமியார் புகட்டிய பிள்ளைகள் பிழைத்திருக்கலாம். நான் அதை மறுக்கவில்லை. பிழைக்காத பிள்ளைக்கு அந்தக் காலத்தில் ஜன்னி, மாந்தம் என்று வேறு பெயர் சொல்லியிருப்பார்கள். தெரியாமல் குடித்துவிட்டால் வாந்தி எடுக்க வைக்காதீர்கள், எண்ணெய் நுரையீரலுக்குள் போய்விடும். பாட்டிலோடு ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள்.

கர்ப்பிணிகளும் வேப்பெண்ணெயோ விதைச் சாறோ வாய்வழி எடுக்கக் கூடாது. டெல்லியில் உள்ள தேசிய நோய்த்தடுப்பியல் நிறுவனத்தில் 1990-களில் எலிகளுக்கும் குரங்குகளுக்கும் வேப்பம் விதைச் சாற்றைக் கொடுத்தபோது கரு கலைந்தது. கருத்தடை மருந்து தேடியே செய்த ஆராய்ச்சி அது.

இத்தனையும் சொல்லிவிட்டு, பூச்சிமருந்தாக வேம்பு நல்லது என்றும் நான்தான் சொல்லப்போகிறேன். முரணாகத் தோன்றும். வேம்பில் நூற்றுக்கும் மேற்பட்ட பொருட்கள் இருக்கின்றன. பூச்சியை அடக்குவதில் முக்கியமானது அசாடிராக்டின். 1968-ல் இங்கிலாந்தில் பட்டர்வொர்த், மார்கன் என்ற இருவர் விதையிலிருந்து அதைப் பிரித்தெடுத்தார்கள். அதைப் பிரித்துத் தனியாக எலிகளுக்குக் கொடுத்தால், உடல் எடையில் கிலோவுக்கு 5,000 மில்லிகிராம் கொடுத்தும் பாதி எலிகள்கூடச் சாகவில்லை. காய்கறிக்கு அடிக்கக் கூடாது என்று 2005-லேயே தடுக்கப்பட்ட மோனோகுரோட்டோபாஸுக்கு இதே கணக்கு இருபது மில்லிகிராம் அளவிலேயே முடிந்துவிடும். ஆனால் குழந்தை குடிப்பது பிரித்தெடுத்த அசாடிராக்டினை இல்லை, முழு எண்ணெயை. பத்து லிட்டர் தண்ணீரில் கலந்து இலையில் அடித்து, வெயிலில் காய்ந்து, கழுவிச் சமைத்த பிறகு கத்தரிக்காயில் மிஞ்சுவதும், பசித்த வயிற்றில் ஒரு சங்கு எண்ணெயும் ஒன்றல்ல.

அசாடிராக்டின் பூச்சியை உடனே கொல்வதில்லை. இலையைக் கடித்த புழுவுக்குத் தின்பதில் ஆர்வம் போய்விடும். தோலுரிக்க வைக்கும் ஹார்மோன் சரியாகச் சுரக்காது. பழைய தோலுக்குள்ளேயே மாட்டிக்கொண்டு சாகும், இல்லாவிட்டால் ஊனமாக வெளியே வரும். தாய்ப்பூச்சியும் அந்த இலையில் முட்டையிடத் தயங்கும். இதற்கெல்லாம் சில நாள் பிடிக்கும். மறுநாள் காலை புழு நெளிவதைப் பார்த்து 'மருந்து கேக்கலே' என்று இரண்டு மடங்காக அடிப்பவர்கள்தான் இலை கருகிப்போய் எனக்கு எழுதுகிறார்கள். 1959-ல் சூடானில் வெட்டுக்கிளிக் கூட்டம் எல்லாப் பச்சையையும் தின்றுவிட்டு வேப்பமரத்தை மட்டும் விட்டுப் போனதை ஜெர்மானியப் பூச்சியியலாளர் ஹைன்ரிஷ் ஷ்முட்டரர் பார்த்தார். டெல்லி வேளாண் ஆராய்ச்சிக் கழகத்தில் பிரதான் என்பவர் 1962 வாக்கில் வேப்பங்கொட்டைக் கரைசல் தெளித்த பயிரை வெட்டுக்கிளி தொடாததைக் காட்டினார். கொல்வதைவிட விரட்டுவதே இதன் குணம் என்பது அப்போதே தெரிந்த செய்தி.

வேம்பைப் பாதுகாப்பானது என்று சொல்ல வைப்பது அது சீக்கிரம் அழிந்துபோவதுதான். இலைமேல் வெயில் பட்டால் ஒரு நாளிலிருந்து இரண்டரை நாளுக்குள் அசாடிராக்டின் பாதியாகிவிடும். தண்ணீரில் ஒரு மணி நேரத்துக்குள்ளிருந்து நான்கு நாள் வரை. மண்ணில்தான் கணக்கு நீளும்: மூன்று நாளும் ஆகலாம், மண்ணையும் சூட்டையும் பொறுத்து நாற்பது நாளைத் தாண்டியும் போகலாம். டிடிடி போல வருடக்கணக்காகத் தங்கி, மீனின் கொழுப்பில் சேர்ந்து, பருந்து வரை போவதில்லை. அதற்காக மண்ணில் எதையுமே தொடாது என்றும் சொல்ல முடியாது. 2015 முதல் யூரியாவுக்கு வேப்பெண்ணெய் பூசுவதைக் கட்டாயமாக்கியதே, அது மண்ணில் அமோனியாவை நைட்ரேட்டாக மாற்றும் பாக்டீரியாக்களை மந்தப்படுத்துகிறது என்பதாலும்தான்.

இனி உங்கள் மீன்.

கடிதத்தை மட்டும் வைத்து நடந்தது இதுதான் என்று தீர்ப்பு எழுத முடியாது. ஆனால் நீங்கள் சொன்ன அடையாளங்களை வைத்துப் பார்த்தால் மூன்று பேரைச் சந்தேகிக்கலாம். முதல் ஆள் எண்ணெயும் அசாடிராக்டினும். பாலூட்டிகளுக்குப் பெரிதாக ஒன்றும் செய்யாத அசாடிராக்டின், மீனுக்கும் நீர்வாழ் உயிர்களுக்கும் நடுத்தர நஞ்சு. இரண்டாவது ஆள், யாரும் கணக்கில் எடுக்காத சோப்பு. எண்ணெயைத் தண்ணீரில் கரைக்கச் சோப்புத்தூளோ காதி சோப்போ போட்டிருப்பீர்கள். அது மீனின் செவுள்களைப் பொசுக்கும். பாதிக் குற்றம் பல நேரம் அதனுடையது. பழி வேம்பின் மேல். மூன்றாவது, தண்ணீர்மேல் படர்ந்த எண்ணெய்ப் படலம். சின்னக் குட்டை, மேகமூட்டமான விடியல், ஏற்கெனவே பிராணவாயு குறைந்திருக்கும் நேரம். மீன் மேலே வந்து வாயைப் பிளப்பது மூச்சுக்காகத்தான்.

செத்து மிதக்கும் மீன் கண்ணுக்குத் தெரியும். எனக்குக் கவலை தருவது தெரியாதது. கனடாவில் வனத்துறை ஆய்வாளர்கள் குளங்களில் தடுப்புக் கட்டி, வேம்பு மருந்தைப் பல அளவுகளில் கலந்து பார்த்தார்கள். மீன்குஞ்சுக்கு உணவான கோப்பிபாட் என்ற சிறு நீருயிர்கள் அளவு கூடக் கூடக் குறைந்தன. இதில் வியப்பில்லை. கொசுப்புழுவைத் தோலுரிக்க விடாமல் தடுக்கும் பொருள், தோலுரித்து வளரும் மற்ற நீர்ப்பூச்சிகளையும் இறால் இனத்துச் சிறு உயிர்களையும் எப்படி விட்டுவைக்கும்? ஆகவே ஸ்ப்ரேயரைக் குட்டையில், கிணற்றடியில், வாய்க்காலில் கழுவக் கூடாது. கழுவிய தண்ணீரை வரப்போரம் மரத்தடி மண்ணில் ஊற்றுங்கள். குட்டைக் கரையிலிருந்து சில வரிசைச் செடிகளை அடிக்காமல் விடுங்கள், காற்று குட்டைப் பக்கம் வீசும்போது அடிக்காதீர்கள்.

இயற்கைப் பொருள் மீனைக் கொல்லுமா என்று மீன் வளர்ப்பவரிடம் கேட்டுப் பாருங்கள், சிரிப்பார். குஞ்சு விடுவதற்கு முன் குளத்தில் இருக்கும் விராலையும் கெளுத்தியையும் ஒழிக்க அவர்கள் போடுவது இலுப்பைப் புண்ணாக்கு, ஹெக்டேருக்கு 2,500 கிலோ வரை. அதிலுள்ள சப்போனின் மீனின் ரத்த அணுக்களை உடைக்கும். இரண்டு மூன்று வாரம் அந்தக் குளத்தில் புதுக் குஞ்சு விட முடியாது. நஞ்சு நீங்கியதும் அதே புண்ணாக்கு குளத்துக்கு உரமாகிவிடும் என்பது வேறு கதை. டெரிஸ் கொடியின் வேரில் கிடைக்கும் ரோட்டினோனும் அப்படித்தான்: தென்னமெரிக்கப் பழங்குடிகள் அதே வகை வேர்களை நசுக்கி ஓடையில் மீன் பிடித்தார்கள், வெள்ளைக்காரர்கள் அதைத் தோட்டத்துப் பூச்சிமருந்தாக விற்றார்கள், 2000-ல் அமெரிக்காவில் எலிகளுக்கு அதைத் தொடர்ந்து செலுத்தியபோது பார்க்கின்சன் நோயின் அறிகுறிகள் தென்பட்டன.

தேனீக்காரருக்கு நீங்கள் தைரியமாகப் பதில் சொல்லலாம், ஒரு நிபந்தனையோடு. வளர்ந்த தேனீ இலையைக் கடிப்பதில்லை என்பதால் மேலே பட்ட வேம்பு மருந்து அதை அவ்வளவாகப் பாதிக்காது. ஆனால் பூவில் அடித்தால் மகரந்தத்தோடும் தேனோடும் கூட்டுக்குப் போகும். அங்கே இருப்பவை தோலுரித்து வளரும் புழுக்கள். ஐரோப்பாவில் ஆய்வகத்தில் பம்பிள் தேனீக்களுக்குச் சர்க்கரைப் பாகில் அசாடிராக்டின் கலந்து கொடுத்தபோது அவற்றின் இனப்பெருக்கம் குறைந்தது. அதனால் சாயங்காலம், தேனீ பெட்டிக்குத் திரும்பிய பிறகு அடியுங்கள். வேளாண் பல்கலைக்கழகமும் பிற்பகல் மூன்றரைக்கு மேல்தான் அடிக்கச் சொல்கிறது. வெயிலில் மருந்து வீணாகாது என்ற லாபமும் இதில் இருக்கிறது. இன்னொன்றும் சொல்ல வேண்டும்: கத்தரிப் பூவை அதிர வைத்து மகரந்தத்தை உதிர்க்கத் தெரிந்தவை நீலப்பட்டைத் தேனீயும் தச்சுத் தேனீயும். பெட்டித் தேனீக்கு அந்த வித்தை தெரியாது. மண் பொந்திலும் பட்டுப்போன கட்டையிலும் வாழும் இவற்றுக்காகச் சண்டை போட வரப்புக்கு அப்பால் யாரும் இல்லை. உங்கள் காய்ப்பு இவற்றின் கையில்தான் இருக்கிறது. பொறிவண்டு, கண்ணாடி இறக்கைப் பூச்சி ஆகியவற்றின் புழுக்களும் அசுவினியைத் தின்று உங்களுக்கு உதவுபவை. இலையில் அவை நிறையத் தென்பட்டால் வேம்பைக்கூட அடிக்க வேண்டாம்.

கடையில் வாங்கும்போது ஒரு விஷயம். 300 பிபிஎம், 1,500 பிபிஎம், 10,000 பிபிஎம் என்று அசாடிராக்டின் மருந்துகள் பல வலுவில் விற்கின்றன. முதலுக்கும் கடைசிக்கும் 33 மடங்கு வித்தியாசம். எல்லாவற்றுக்கும் ஒரே மூடி அளவு போடுபவர்களை நான் அறிவேன். லேபிளில் உள்ள அளவைப் படியுங்கள். பதிவு எண்ணும், சாய்சதுரத்துக்குள் நஞ்சின் தரம் காட்டும் வண்ண முக்கோணமும் இல்லாத பாட்டிலை வாங்காதீர்கள். 'ஆர்கானிக்', 'மூலிகை' என்று எழுதி உள்ளே ரசாயனத்தைக் கலந்து விற்பது நம் ஊரில் புதிதில்லை. அடித்த அன்றே புழு பொத்துப் பொத்தென்று விழுந்தால் மகிழாதீர்கள், சந்தேகப்படுங்கள். விளக்கேற்ற விற்கும் வேப்பெண்ணெயையும் நம்ப முடியாது. செக்கில் ஆட்டும்போது அசாடிராக்டினில் பெரும்பங்கு புண்ணாக்கிலேயே தங்கிவிடும்.

என் கட்சி வேப்பங்கொட்டைதான். ஐந்து கிலோ காய்ந்த பருப்பை இடித்து, பத்து லிட்டர் தண்ணீரில் இரவு ஊறவைத்து, காலையில் பால்போல வெளுக்கும் வரை கலக்கி, துணியை இரட்டையாக மடித்து வடிகட்டி, நூறு லிட்டராக்கி, ஒட்டுவதற்கு 200 கிராம் சோப்புத்தூள் சேர்த்து அன்றே அடித்துவிட வேண்டும். பக்குவம் இதில் இல்லை, கொட்டையைச் சேர்ப்பதில் இருக்கிறது. ஆனி, ஆடியில் உதிரும் பழத்தை ஈர மண்ணில் கிடக்க விட்டால் பூசணம் பிடிக்கும். அந்தப் பூசணத்தில் அஃப்ளாடாக்சின் உண்டாகும். ஈரலில் புற்றுநோய் தருவது அது. வேம்பின் மேல் சொல்லப்படும் கெட்ட பெயரில் ஒரு பங்கு இந்தப் பூசணத்தைச் சேர்ந்தது. சதையை நீக்கி, நிழலில் உலர்த்தி, சாக்கில் காற்றோட்டமாக வையுங்கள். எட்டு மாதத்துக்கு மேல் வைத்த கொட்டைக்கு வீரியம் இல்லை, பங்குனிக்கு மேல் அது வெறும் குப்பை.

இப்போது பீப்பாய்க்கு வருவோம். நீங்கள் கேட்டது வேம்பைப் பற்றி. என்னைக் கேட்டால் வேம்பின் கூட்டாளிகளைப் பற்றித்தான் கேட்டிருக்க வேண்டும்.

புகையிலையை நிறுத்துங்கள். அதிலிருக்கும் நிகோட்டினை உலக சுகாதார நிறுவனம் 'மிகுந்த ஆபத்து' என்ற வகுப்பில் வைத்திருக்கிறது. நிகோட்டின் சல்பேட்டை நம் நாட்டில் பயன்படுத்தத் தடை, ஏற்றுமதிக்கு மட்டுமே தயாரிக்கலாம். பூச்சியின் நரம்பில் இமிடாகுளோப்ரிட் போய் ஒட்டும் அதே இடத்தில்தான் நிகோட்டினும் ஒட்டுகிறது. கடை மருந்தை விட்டுவிட்டோம் என்று நீங்கள் பெருமைப்படும்போது உங்கள் வீட்டுக்காரர் அதன் மூத்த அண்ணனைக் காம்போடு கொண்டுவந்து சேர்க்கிறார். தோல் வழியாகவும் ஏறும். ஊறிய கரைசலை வெறுங்கையால் பிழிந்தபின் தலைசுற்றல், குமட்டல் வந்தால் அதற்குப் பெயர் வெயில் இல்லை. புகையிலைத் தேமல் வைரஸைத் தக்காளி, மிளகாய்க்குக் கொண்டுபோய் ஒட்டவைக்கும் வேலையையும் அது செய்யும்.

எருக்கம்பால் கண்ணில் தெறித்தால் கருவிழி மங்கும், இலை நறுக்கும்போது கண்ணாடி போட்டுக்கொள்ளுங்கள். நொச்சி, ஆடாதோடையைப் பற்றி எனக்குக் குறையில்லை.

ஆடுதின்னாப்பாளைதான் என்னைத் தூங்கவிடாதது. கசப்பானதையும், பால் வடிவதையும், ஆடு மாடு தொடாததையும் பறித்துப் போடு என்பது நம் இயற்கை விவசாயிகள் ஊர் ஊராகச் சொல்லிக்கொடுத்த சூத்திரம். ஆடு ஏன் அதைத் தொடவில்லை என்று நாம் கேட்கவில்லை. அந்தச் செடியிலும் அதன் இனத்துச் செடிகளிலும் அரிஸ்டோலோக்கிக் அமிலம் இருக்கிறது. 1990-களின் தொடக்கத்தில் பிரஸ்ஸல்ஸில் உடல் இளைக்கச் சீன மூலிகை மாத்திரை சாப்பிட்ட பெண்களுக்கு வரிசையாகச் சிறுநீரகம் செயலிழந்தது. மாத்திரையில் ஒரு மூலிகைக்குப் பதில் இந்த இனத்து இன்னொரு மூலிகை தவறிக் கலந்திருந்தது. பலருக்குப் பின்னாளில் சிறுநீர்ப்பாதையில் புற்றுநோயும் வந்தது. டான்யூப் ஆற்றின் கிளைநதிக் கரைகளில், குரோயேஷியா, செர்பியா, பல்கேரியா பக்கம், தலைமுறையாகக் கிராமத்தவர்களின் சிறுநீரகம் கெட்டுவந்ததற்கும் காரணம் இதுவே. கோதுமை வயலில் களையாக வளர்ந்த இந்த இனத்துச் செடியின் விதை மாவோடு அரைபட்டு ரொட்டிக்குள் போயிருந்தது. சர்வதேசப் புற்றுநோய் ஆராய்ச்சி அமைப்பு இந்த அமிலத்தை மனிதருக்குப் புற்றுநோய் தருவது உறுதி என்ற முதல் வகுப்பில் வைத்திருக்கிறது, புகையிலைக்கும் ஆஸ்பெஸ்டாஸுக்கும் பக்கத்தில்.

இலைமேல் வெயிலில் அசாடிராக்டின் ஓரிரு நாளில் பாதியாகிவிடுகிறது. அரிஸ்டோலோக்கிக் அமிலம் அப்படியில்லை. மண்ணில் தங்குகிறது, வேர் வழியாகக் காய்கறிப் பயிருக்குள் ஏறுகிறது என்று ஹாங்காங் ஆய்வாளர்கள் வளர்த்துப் பார்த்துக் காட்டியிருக்கிறார்கள். நீங்கள் அடிக்கும் நீர்த்த கரைசலில் அது எவ்வளவு என்பதை இங்கே அளந்து சொல்லும் வரை காத்திருக்கத் தேவையில்லை. சிறுநீரகத்தில் மெதுவாகச் சேதம் செய்து, வருடங்கள் கழித்துத் தெரியவரும் நஞ்சில் பரிசோதனை எலியாக நாம் நிற்க வேண்டியதில்லை. அந்தச் செடியைப் பிடுங்கவும் வேண்டாம். கிரிம்சன் ரோஸ் வண்ணத்துப்பூச்சியின் புழு அதைத்தான் தின்று வளர்கிறது. அந்த அமிலத்தை உடம்பில் சேர்த்துவைத்துக்கொள்வதால் பறவைகள் அதைத் தொடுவதில்லை. வரப்பில் அது அவற்றுக்காக இருக்கட்டும்.

வேப்பெண்ணெயால் பயிர்ப் பூசணத்தைக் கட்டுப்படுத்தும் முறைக்குக் காப்புரிமை வாங்கிய அமெரிக்கக் கம்பெனியோடு மியூனிக் வரை போய் வழக்காடி, 2000-லும் மேல்முறையீட்டில் 2005-லும் நாம் ஜெயித்தது பெருமைதான். வேம்பின் அந்தப் பயன் புதுக் கண்டுபிடிப்பு அல்ல என்று அந்தத் தீர்ப்பு நிலைநாட்டியது. பீப்பாயில் உள்ள மற்றவற்றுக்கு அது சான்றிதழ் இல்லை.

இந்தப் பருவத்தில் ஆடுதின்னாப்பாளையும் புகையிலையும் இல்லாமல் வேப்பங்கொட்டைச் சாற்றை மட்டும் வாரம் ஒருமுறை, சாயங்காலம் அடித்துப் பாருங்கள். தண்டைத் துளைக்கும் புழு ஏறிய கத்தரி நுனிகளைக் கையாலேயே கிள்ளி எரித்துவிடுங்கள், எந்த மருந்தைவிடவும் அது வேலை செய்யும். காய்ச்சேதம் முன்னைவிடக் கூடியதா, குறைந்ததா என்று பருவம் முடிந்ததும் ஒரு கார்டு போடுங்கள். இதே கரைசலை ஊறவைக்கும் மற்ற வாசகர்களும் தங்கள் பீப்பாயில் என்னென்ன இலை போடுகிறார்கள் என்று எழுத வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.